வழக்கு முடியும் முன்னர் அச்சுறுத்தல் வந்தால்: நீதிமன்றத்தின் ஊடாகப் பொலிஸ் பாதுகாப்புப் பெறுவது எப்படி?

மட்டக்களப்பிலோ கல்முனையிலோ சட்டத்தரணியின் மேசைக்கு முன்னால் வந்து அமர்பவர்களிடமிருந்து அடிக்கடி கேட்கக்கூடிய வசனம் ஒன்று உண்டு: "ஐயா, வழக்கு அது பாட்டுக்கு நடக்கட்டும், அதுவரைக்கும் எங்களுக்குப் பொலிஸ் பாதுகாப்பு எடுத்துத் தாங்க." இந்தக் கோரிக்கையில் நியாயம் இருக்கிறது. காணி வழக்குகள் ஆண்டுக்கணக்கில் இழுபடுவதையும், தவணைக்கும் தவணைக்கும் இடையில் வேலி பிடுங்கப்படுவதையும், சாட்சி சொல்லப் போகிறவரின் வீட்டு வாசலில் இரவில் மோட்டார் சைக்கிள்கள் வந்து நிற்பதையும் அறியாதவர் இங்கே குறைவு. ஆயினும் அந்த வசனத்தை அப்படியே மனுவில் எழுதிக் கொடுத்தால், நீதிபதி அனுதாபப்படலாமே தவிர, பயனுள்ள கட்டளை எதையும் பிறப்பிக்க முடியாது. யாரிடமிருந்து, எந்த இடத்தில், எந்த நாட்களில், எந்தச் செயலுக்கு எதிராகப் பாதுகாப்பு வேண்டும் என்பது சொல்லப்பட வேண்டும். கட்டளையைக் கையில் எடுக்கும் பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு, நாளைக் காலை யாரை எங்கே அனுப்ப வேண்டும் என்பது வாசித்த உடனேயே விளங்க வேண்டும். விளங்காவிட்டால் அந்தத் தாள் கோப்புக்குள் போய்விடும்.

வாசலில் இரவும் பகலும் பொலிஸார் ஒருவர் காவல் நிற்பதுதான் பாதுகாப்பு என்ற எண்ணத்தை முதலில் விட்டுவிடுவது நல்லது. சாதாரண குடும்பம் ஒன்றுக்கு அது கிடைப்பது மிக அரிது. நீதிமன்றம் தரக்கூடியது வேறு வகையானது: இன்னார் இந்த எல்லைக்குள் வரக்கூடாது என்ற தடை, நில அளவை நடக்கும் நாளில் பொலிஸார் சமுகமளிக்க வேண்டும் என்ற பணிப்பு, மிரட்டியவரின் பிணையை இரத்துச் செய்தல், சமாதானத்தைக் குலைக்கமாட்டேன் என்று ஒருவரிடம் பிணைமுறி வாங்குதல் போன்றவை. இவற்றுள் உங்களுக்குப் பொருந்துவதைத் தெரிந்து கேட்க வேண்டும்.

பொலிஸ் நிலையத்தில் தொடங்க வேண்டியது

நேரே நீதிமன்றத்துக்குப் போகும் எண்ணம் இருந்தாலும், முதலில் பொலிஸ் நிலையத்தில் முறைப்பாடு ஒன்று பதியப்பட்டிருக்க வேண்டும். அச்சுறுத்தல் உண்மையானது என்று நீதிபதி நம்புவதற்கு, அது நடந்த அன்றே அல்லது மறுநாளே செய்யப்பட்ட முறைப்பாட்டைப் போன்ற சான்று வேறில்லை. ஆறு மாதங்களாக மிரட்டல் நடக்கிறது என்று சத்தியக்கடதாசியில் எழுதிவிட்டு, அந்த ஆறு மாதங்களில் ஒரு முறைப்பாட்டையும் காட்ட முடியாதவரிடம் மறுதரப்புச் சட்டத்தரணி கேட்கப்போகும் முதற் கேள்வி என்னவென்று ஊகிக்கலாம்.

எந்தப் பொலிஸ் நிலையம் என்பதில் எமது பகுதியில் தடுமாற்றம் அதிகம். எழுவான்கரையில் குடியிருப்பவரின் வயல் பெரும்பாலும் வாவிக்கு அப்பால் படுவான்கரையில் இருக்கும். களுவாஞ்சிக்குடியில் வசிப்பவரின் வயலுக்குள் வெள்ளாவெளிப் பக்கத்தில் அத்துமீறல் நடந்தால், முறைப்பாடு சம்பவம் நடந்த இடத்துக்குப் பொறுப்பான நிலையத்துக்கே போக வேண்டும். மிரட்டல் வீட்டு வாசலில் நடந்திருந்தால் வீடு இருக்கும் பிரிவின் நிலையத்தில் தனி முறைப்பாடு செய்ய வேண்டும். இரண்டையும் ஒரே முறைப்பாட்டில் கலந்துவிட்டால், ஒவ்வொரு நிலையமும் மற்றதைக் காட்டிக்கொண்டிருக்கும்.

முறைப்பாட்டில் மிரட்டலின் சொற்களைச் சொல்லப்பட்டவாறே பதியச் செய்யுங்கள். "தகாத வார்த்தைகளால் ஏசி அச்சுறுத்தினார்" என்று பொதுவாக எழுதுவது வழக்கமாகிவிட்டது; அதனால் ஒரு பயனும் இல்லை. "அடுத்த தவணைக்குக் கோட்டுக்குப் போனா திரும்பி வரமாட்டாய்" என்று இன்ன திகதியில், இத்தனை மணிக்கு, இன்னார் முன்னிலையில் சொன்னார் என்று எழுதப்பட்டால், அது தண்டனைச் சட்டக்கோவையின் 486ஆம் பிரிவில் வரும் குற்றமுறையான அச்சுறுத்தலாக உருப்பெறுகிறது. நிலுவையிலுள்ள வழக்கின் இலக்கத்தையும், எந்த நீதிமன்றம் என்பதையும், அடுத்த தவணைத் திகதியையும் முறைப்பாட்டிலேயே குறிப்பிடச் செய்யுங்கள். வழக்குக்கும் மிரட்டலுக்கும் உள்ள தொடர்பு அங்கே பதியப்படாவிட்டால், பின்னர் அதை நிறுவப் பெரும்பாடு படவேண்டியிருக்கும்.

அடுத்தது மொழி. கிழக்கு மாகாணத்தில் தமிழ் நிருவாக மொழி. அரசியலமைப்பின்படி நீங்கள் தமிழில் முறைப்பாடு செய்ய உரித்துடையவர். நடைமுறையில், கடமையிலிருக்கும் உத்தியோகத்தர் சிங்களத்தில் எழுதிக்கொண்டு, கடைசியில் கையொப்பம் வைக்கச் சொல்வது இன்றும் நடக்கிறது. விளங்காத வாக்குமூலத்தில் கையொப்பமிட வேண்டாம். தமிழ் எழுதத் தெரிந்த உத்தியோகத்தர் ஒருவரை அழைக்கும்படி பணிவாகக் கேளுங்கள். அவர் அன்று இல்லையென்றால், உங்கள் முறைப்பாட்டைத் தமிழில் எழுதி, திகதியிட்டு, கையொப்பமிட்டு, அதைப் பெற்றுக்கொண்டதாகப் பிரதியில் ஒப்பம் வாங்குங்கள். தான் சொன்னது ஒன்று, பதியப்பட்டது வேறு என்பதை விசாரணை நாளில் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளரான முதலியார் மொழிபெயர்த்து வாசிக்கும்போதுதான் அறிந்துகொள்ளும் நிலைக்கு எவரும் வரக்கூடாது.

"இது சிவில் பிரச்சினை, நாங்கள் தலையிட முடியாது" என்ற பதிலும் வரும். அது பாதி உண்மை. காணி யாருக்குச் சொந்தம் என்பதைப் பொலிஸார் தீர்மானிக்க முடியாது, தீர்மானிக்கவும் கூடாது. ஆனால் வேலியை வெட்டுவது, அடிப்பது, மிரட்டுவது ஆகியவை வழக்கு நிலுவையில் இருப்பதால் குற்றங்களாக இல்லாமற் போய்விடுவதில்லை. ஆகவே காணி உறுதிப் பத்திரத்தைத் தூக்கிக்கொண்டு போய் உரிமையை விளக்க முற்படாமல், நடந்த செயலை மட்டும் சொல்லுங்கள். சிறு குற்றங்கள் சிலவற்றை மத்தியஸ்த சபைக்கு அனுப்புவது சட்டப்படியான நடைமுறைதான். அதற்காகக் கோபப்பட வேண்டியதில்லை. மிரட்டல் தொடர்கிறது என்பதை மாத்திரம் முறைப்பாட்டில் அழுத்தமாகப் பதிந்துகொள்ளுங்கள். முறைப்பாட்டையே ஏற்க மறுத்தால், அதே கடிதத்தை உதவிப் பொலிஸ் அத்தியட்சகருக்கும் சிரேஷ்ட பொலிஸ் அத்தியட்சகருக்கும் பதிவுத் தபாலில் அனுப்பி, தபால் பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். அந்தப் பற்றுச்சீட்டும் பின்னர் ஒரு சான்று.

முறைப்பாட்டு இலக்கத்தை எழுதி வாங்காமல் நிலையத்தை விட்டு வெளியேற வேண்டாம். அத்தாட்சிப்படுத்திய பிரதியைப் பின்னர் விண்ணப்பித்துப் பெறலாம். முறைப்பாட்டின் மீது என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது என்பதைத் தகவல் அறியும் உரிமைக்கான 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டத்தின் கீழும் எழுத்தில் கேட்கலாம். கேள்வி எழுத்தில் வந்தால் கோப்பு மேசைக்கு வருகிறது என்பது பலரின் அனுபவம்.

காணித் தகராறு: அறுபத்தாறாம் பிரிவு

எமது மாவட்டங்களில் பாதுகாப்புக் கோரிக்கைகளின் வேரைத் தோண்டினால் பெரும்பாலும் காணிதான் வரும். அதற்கென்றே அமைந்த வழி, 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு. தனியான ஆரம்ப நீதிமன்றம் இல்லாத இடங்களில் நீதவான் நீதிமன்றமே இந்த அதிகாரத்தைச் செலுத்துகிறது. காணி தொடர்பான தகராறு ஒன்றினால் சமாதானம் குலையும் நிலை இருக்குமானால், பொலிஸார் அதைத் தாமதமின்றி நீதிமன்றத்துக்கு அறிக்கையிட வேண்டும். அவர்கள் செய்யாவிட்டால், தகராற்றின் தரப்பினர் ஒருவரே சத்தியக்கடதாசியுடன் நீதிமன்றத்துக்குத் தகவல் இடலாம். இதை அறியாமல், "பொலிஸ் வழக்குப் போடுதில்ல" என்று மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் அநேகர்.

இரண்டு வழிகளுக்கும் இடையில் ஒரு வேறுபாடு உண்டு. பொலிஸார் அறிக்கையிட்டால், சமாதானக் குலைவு பற்றிய அவர்களின் அபிப்பிராயமே நீதிமன்றம் விடயத்தைக் கையிலெடுக்கப் போதுமானது. தரப்பினர் ஒருவர் நேரடியாக வந்தால், அத்தகைய ஆபத்து இருக்கிறது என்று நீதிபதி தாமே முதலில் திருப்திப்பட வேண்டும். ஆகவே நேரடியாகச் செல்பவரின் சத்தியக்கடதாசி காணியின் வரலாற்றோடு தொடங்காமல் மோதலின் வரலாற்றோடு தொடங்குவது நல்லது: எந்தத் திகதியில் யார் எத்தனை பேருடன் வந்தார்கள், என்ன ஆயுதம் வைத்திருந்தார்கள், எந்த முறைப்பாடு செய்யப்பட்டது என்று. பாட்டனார் காணியை வாங்கிய கதை பின்னால் வரட்டும்.

இந்த விசாரணையில் நீதிமன்றம் உரிமையைத் தீர்ப்பதில்லை. தகவல் இடப்பட்ட நாளில் காணி யாருடைய ஆட்சியில், அதாவது கைவசத்தில், இருந்தது என்பதையே அது பார்க்கிறது. ஒருவர் பலவந்தமாக வெளியேற்றப்பட்டிருந்தால், அந்த வெளியேற்றம் தகவல் இடப்பட்ட நாளுக்கு முந்திய இரண்டு மாதங்களுக்குள் நடந்திருந்தால் மாத்திரமே ஆட்சியை அவருக்குத் திருப்பிக் கொடுக்க முடியும். இந்த வழிகாட்டியிலிருந்து ஒன்றை மட்டும் நினைவில் வைப்பதானால், அந்த இரண்டு மாதங்களை வையுங்கள். ஊர்ப் பெரியவர்களின் பேச்சு, கோயில் அல்லது பள்ளிவாசல் நிருவாகத்தின் சமரசம், "பெருநாள் முடியட்டும்", "அறுவடை முடியட்டும்" என்று நாட்கள் கழியும். பேச்சு நல்லதுதான், பேசிக்கொண்டே தகவலை இட்டுவிடுங்கள். சமரசம் ஏற்பட்டால் நீதிமன்றமே அதைப் பதிவு செய்யும். தரப்பினரை இணக்கத்துக்குக் கொண்டுவர முயல்வது சட்டப்படி அதன் கடமையும் ஆகும்.

தரப்பினர் தோன்றும் நாளிலிருந்து 3 வாரங்களுக்கு மேற்படாத திகதி ஒன்று சத்தியக்கடதாசிகளுக்காகக் குறிக்கப்படும். விசாரணை 3 மாதங்களுக்குள் முடிய வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. ஆனால் இந்தக் கால எல்லைகள் நீதிமன்றத்துக்கு வழிகாட்டுவன; அவை தவறினால் அதிகாரம் அற்றுப்போய்விடாது என்று 1982ஆம் ஆண்டின் சட்ட அறிக்கைகளில் வெளிவந்த தீர்ப்பொன்றில் நீதியரசர் சர்வானந்தா விளக்கியிருக்கிறார். எனவே தாமதம் ஏற்படும் என்று எண்ணியே ஆயத்தமாக இருக்க வேண்டும். அந்தத் தாமதத்துக்கான மருந்து, விசாரணை முடியும்வரை இடைக்காலக் கட்டளை ஒன்றைக் கேட்பது. அதற்குச் சட்டத்தில் இடமிருந்தும், மனுவின் வேண்டுதலில் அதை எழுத மறந்துவிடுகிறார்கள்.

வாய்மொழிச் சாட்சியத்துக்கு இங்கே இடம் குறைவு. நீதிபதி அனுமதித்தால் மட்டுமே அது உண்டு. பெரும்பாலும் சத்தியக்கடதாசிகளையும் ஆவணங்களையும் வைத்தே தீர்மானம் எடுக்கப்படும். ஆகவே ஆட்சியைக் காட்டும் ஆவணங்களைத் திரட்டுங்கள். வயலானால், மானிய உரப் பதிவு, கமநல சேவை நிலையத்தின் பதிவேட்டுப் பிரதி, நீர்வரி அல்லது ஏக்கர் வரிப் பற்றுச்சீட்டு, வயல்களின் நீர்ப்பங்கீட்டைக் கவனிக்கும் வட்டவிதானையின் கடிதம், சென்ற போகத்தில் உழவு இயந்திரத்துக்கும் அறுவடை இயந்திரத்துக்கும் கொடுத்த பணத்தின் பற்றுச்சீட்டு ஆகியவை உறுதியைவிட இங்கே அதிகம் பேசும். வளவானால், மின்கட்டணம், வாக்காளர் இடாப்பு, கிராம உத்தியோகத்தரின் வதிவிடச் சான்று ஆகியவை. உறுதி இல்லாமல் ஒப்பம் (அரச காணி அனுமதிப்பத்திரம்) மட்டுமே உள்ளவர்களும், ஒப்பமும் இடப்பெயர்வில் தொலைந்தவர்களும் இந்த இடத்தில் மனம் தளர வேண்டியதில்லை. ஆட்சியை வேறு சான்றுகளால் காட்டலாம்.

காணியின் ஆட்சியைத் தவிர, வழி, வாய்க்கால் நீர், பயிர்ச்செய்கை போன்ற உரிமைகள் பற்றிய தகராறும் இதே சட்டத்தின் 69ஆம் பிரிவில் அடங்கும். சிறுபோகத்தில் மதகைப் பூட்டிவிட்டு மண்வெட்டியோடு நிற்பவரை எதிர்கொள்ள நேர்ந்தால் நினைவில் கொள்ள வேண்டிய பிரிவு அது.

இந்தக் கட்டளைக்கு மேன்முறையீடு இல்லை. மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனு இடலாம். கட்டளை உங்களுக்கு எதிராகப் போனாலும் மாவட்ட நீதிமன்றத்தில் உங்கள் உரிமை வழக்கை அது பாதிக்காது. ஏற்கெனவே மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கு நடந்துகொண்டிருந்தால், அதை நீதவானிடம் மறைக்கவே கூடாது. வழக்கு இலக்கத்தையும் அங்கே பிறந்த கட்டளைகள் அனைத்தையும் முதற்பந்தியிலேயே சொல்லுங்கள். மறுதரப்பு அதை எழுந்து சொல்லும் நிமிடத்தில் உங்கள் சத்தியக்கடதாசி முழுவதும் சந்தேகத்துக்கு உள்ளாகும்.

மாவட்ட நீதிமன்றத்தில் கேட்கக்கூடியது

நடந்துகொண்டிருக்கும் உரிமை வழக்கில் மறுதரப்பு கட்டடம் எழுப்புவதையோ மரம் தறிப்பதையோ தடுக்க வேண்டுமானால், அந்த வழக்கிலேயே மனுவும் சத்தியக்கடதாசியும் இட்டு இடைக்காலத் தடையுத்தரவு கோரலாம். மறுதரப்பைக் கேட்பதற்கு முன்னரே வழங்கப்படும் குறுகிய காலத் தடைக்கட்டளை முதலில் 14 நாட்களுக்கு மேற்படாது. போதிய காரணம் காட்டினால் நீடிக்கப்படும். நீடிப்புத் தவணைக்குச் சமுகமளிக்கத் தவறினால் கட்டளை அன்றோடு போய்விடும் என்பதால், அந்தத் திகதியைச் சுவரில் எழுதி வையுங்கள். தடையுத்தரவை மீறுவது நீதிமன்ற அவமதிப்பு.

நில அளவை நாளும், நீதிமன்றக் கட்டளைகளை நிறைவேற்றும் உத்தியோகத்தரான பிஸ்கால் ஆட்சி ஒப்படைக்கும் நாளும் கைகலப்புக்குப் பெயர்போனவை. பாகப்பிரிவினை வழக்கொன்றில் நில அளவையாளர் சங்கிலியோடு வந்து நிற்க, பங்காளிகள் வாசலை மறித்துக்கொண்டு நிற்கும் காட்சி எமக்குப் புதிதல்ல. மறிப்பார்கள் என்று முன்கூட்டியே தெரிந்தால், அளவைத் திகதி குறிக்கப்பட்டதும் உங்கள் சட்டத்தரணி நகர்த்தல் பத்திரம் (நடக்கும் வழக்கில் இடும் எழுத்துமூல விண்ணப்பம்) ஒன்றை இட்டு, அந்த நாளில் அந்த நேரத்தில் பொலிஸ் பாதுகாப்பு வழங்கும்படி இன்ன நிலையத்தின் பொறுப்பதிகாரிக்குப் பணிக்குமாறு கோரலாம். முன்கூட்டித் தெரியாமல் அன்றே தடை ஏற்பட்டால், நில அளவையாளரோ பிஸ்காலோ தடையை எழுத்தில் நீதிமன்றத்துக்கு அறிக்கையிட வேண்டும். அந்த அறிக்கையின் பேரில் அடுத்த நாளுக்குப் பாதுகாப்புக் கோரலாம். உங்கள் ஆட்களைத் திரட்டிக்கொண்டு போய் வாசலைத் திறக்க முயன்றால், அதுவரை உங்கள் பக்கம் இருந்த நியாயம் எதிர்ப்பக்கம் போய்விடும்.

வேண்டுதலை எப்படி எழுதுவது என்பதற்கு ஒரு மாதிரி: "மேற்படி காணியை 1ஆம் பிரதிவாதி, அவருடைய முகவர்கள், வேலையாட்கள் உட்பட எவரும் இடையூறு செய்யாது அளப்பதற்கு ஏதுவாக, இம்மாதம் 18ஆம் திகதி காலை 9 மணி முதல் அளவை முடியும்வரை காணியில் சமுகமளித்துப் பாதுகாப்பு வழங்குமாறு கொக்கட்டிச்சோலைப் பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரிக்குப் பணிப்புரை விடுக்குமாறும்." இதில் ஆள் இருக்கிறது, இடம் இருக்கிறது, நேரம் இருக்கிறது, செய்ய வேண்டிய செயல் இருக்கிறது. "மனுதாரருக்கும் அவரது குடும்பத்தினருக்கும் தகுந்த பொலிஸ் பாதுகாப்பு வழங்குமாறு" என்ற வழக்கமான வசனத்தோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள்.

வயலில் பயிர்ச்செய்கை உரிமைக்கு இடையூறு ஏற்படும்போது, 2000ஆம் ஆண்டின் 46ஆம் இலக்கக் கமநல அபிவிருத்திச் சட்டத்தின் கீழ் கமநல அபிவிருத்தித் திணைக்களத்திடம் முறையிட்டுக் கட்டளை பெறும் வழியும் உண்டு. விதைப்புக் காலம் நெருங்கிவிட்டதென்றால் அதையும் சட்டத்தரணியுடன் பேசுங்கள்.

ஆபத்து வீட்டுக்குள் இருந்தால்

பராமரிப்பு வழக்கோ விவாகரத்து வழக்கோ நடந்துகொண்டிருக்கும் பெண்ணுக்கு ஆபத்து பெரும்பாலும் தெரிந்தவரிடமிருந்தே வருகிறது. 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம், பாதுகாப்பு என்ற சொல்லுக்கு உண்மையான பொருளைத் தரும் சட்டம் என்பேன். ஆனால் அது வேண்டிய அளவுக்குப் பயன்படுத்தப்படுவதில்லை. பாதிக்கப்பட்டவர் வசிக்கும் இடத்துக்கோ, எதிராளி வசிக்கும் இடத்துக்கோ, வன்முறை நடந்த இடத்துக்கோ அதிகாரமுடைய நீதவான் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்கலாம். தற்காலிகமாகத் தாய்வீட்டில் தங்கியிருப்பவர் அந்த ஊரிலேயே விண்ணப்பிக்கலாம் என்பது இதிலுள்ள பெரும் வசதி. பாதிக்கப்பட்டவரின் சார்பில் பொலிஸ் உத்தியோகத்தர் ஒருவரும் விண்ணப்பிக்கலாம். உடலில் காயம் இருக்க வேண்டும் என்பதில்லை. மனரீதியான கொடுமையும் இதில் அடங்கும்.

அவசரம் இருந்தால் 14 நாட்களுக்கு இடைக்காலப் பாதுகாப்புக் கட்டளை வழங்கப்படும். விண்ணப்பம் முடியும்வரை அது நீடிக்கப்படலாம். விசாரணையின் பின்னர் வழங்கப்படும் பாதுகாப்புக் கட்டளை 12 மாதங்கள் வரை நடைமுறையிலிருக்கும். எதிராளி வீட்டுக்கோ வேலைத்தலத்துக்கோ பிள்ளையின் பாடசாலைக்கோ வருவதையும், பின்தொடர்வதையும், எந்த வழியிலும் தொடர்புகொள்வதையும், குடும்ப வீட்டை விற்பதையும் நீதிமன்றம் தடுக்கலாம். உடுப்புகளையும் பிள்ளைகளின் புத்தகங்களையும் எடுத்து வர வீட்டுக்குச் செல்லும்போது பொலிஸ் உத்தியோகத்தர் ஒருவர் கூடச் செல்ல வேண்டும் என்று கட்டளையிடவும் முடியும். இது பலருக்குத் தெரியாததால், அண்ணன் தம்பிமாரை அழைத்துக்கொண்டு போய், அங்கே புதிய குற்றவழக்கொன்று முளைத்துவிடுகிறது. கட்டளையை மீறினால் 10,000 ரூபாய் வரையான தண்டமோ, ஒரு வருடம் வரையான சிறையோ, இரண்டுமோ விதிக்கப்படலாம்.

காத்தான்குடி, சம்மாந்துறை, அக்கரைப்பற்றுப் பகுதிகளில் எழும் கேள்வி ஒன்றுக்கும் விடை சொல்ல வேண்டும். விவாகரத்தும் பராமரிப்பும் காதி நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தாலும், முஸ்லிம் பெண் ஒருவர் நீதவான் நீதிமன்றத்தில் பாதுகாப்புக் கட்டளை கோருவதற்கு அது தடையல்ல. இந்தச் சட்டம் எல்லோருக்கும் பொதுவானது. காதியாரின் கடிதமோ அனுமதியோ தேவையில்லை.

பொலிஸ் நிலையங்களிலுள்ள சிறுவர், பெண்கள் பணியகத்தில் முறைப்பாடு செய்யலாம். 1938 என்ற மகளிர் உதவி இலக்கமும், பிள்ளைகள் சம்பந்தப்பட்டால் 1929 என்ற இலக்கமும் உண்டு. அந்த நேரத்து ஆபத்துக்கு 119.

சாட்சிகளும் குற்றத்தால் பாதிக்கப்பட்டவர்களும்

குற்றவழக்கில் சாட்சி சொல்ல வேண்டியவருக்கு வரும் மிரட்டலை வேறாக நோக்க வேண்டும். குற்றத்தால் பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் பாதுகாக்கும் சட்டம் முதலில் 2015இல் வந்தது. அதன் இடத்தில் இப்போது 2023ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கச் சட்டம் நடைமுறையில் உள்ளது. சாட்சியை அச்சுறுத்துவது இதன் கீழ் தனிக் குற்றம். பாதுகாப்புக் கோரிக்கையை இந்தச் சட்டத்தின் கீழ் இயங்கும் தேசிய அதிகாரசபையிடமோ, பொலிஸாரின் அதற்கான பிரிவிடமோ, வழக்கு நடக்கும் நீதிமன்றத்திடமோ முன்வைக்கலாம்.

மிரட்டியவர் அதே வழக்கில் பிணையில் நிற்பவரானால் இன்னும் நேரான வழி உண்டு. 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தின்படி, சாட்சிகளில் தலையிடுவது பிணையை மறுப்பதற்கும் இரத்துச் செய்வதற்கும் காரணம். முறைப்பாட்டின் பிரதியோடு பொலிஸார் ஊடாகவோ, உங்கள் நலன்களுக்காகத் தோன்றும் சட்டத்தரணி ஊடாகவோ நீதவானின் கவனத்துக்குக் கொண்டுவாருங்கள். மிரட்டல் நீதிமன்ற வளவிலேயே, தேநீர்க் கடையடியில் நடந்தால், வீட்டுக்குப் போய் யோசிக்க வேண்டாம். நீதிபதி ஆசனத்தை விட்டு எழுவதற்கு முன்னரே சட்டத்தரணி அதைத் திறந்த மன்றில் சொல்லி வழக்கேட்டில் பதியச் செய்ய வேண்டும்.

கைத்தொலைபேசியில் வந்த குரற்பதிவுகளையும் வட்ஸ்அப் செய்திகளையும் வேறொருவருக்கு அனுப்பிவிட்டு மூலத்தை அழித்துவிடாதீர்கள். அந்தக் கைத்தொலைபேசியே மன்றுக்கு வர வேண்டியிருக்கும். இத்தகைய பதிவுகளைச் சான்றாக்குவதற்கு 1995ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சட்டத்தின்படி விசாரணைத் திகதிக்கு 45 நாட்களுக்கு முன்னர் மறுதரப்புக்கு அறிவித்தல் கொடுக்க வேண்டும் என்பதால், அது உங்களிடம் இருப்பதைச் சட்டத்தரணிக்கு முதல் நாளே சொல்லிவிடுங்கள்.

காணியும் குடும்பமும் சாட்சியமும் சம்பந்தப்படாத, அயலவர் பகை போன்றவற்றில், சமாதானத்தைக் குலைக்கக்கூடியவர் என்று ஒருவரைப் பற்றி நீதவானுக்குத் தகவல் கிடைத்தால், குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 81ஆம் பிரிவின்படி அவரை அழைத்துப் பிணைமுறி எழுதுவிக்கலாம்.

கட்டளை கிடைத்த பின்னர்

கட்டளை பிறந்த அன்றே பதிவாளர் அலுவலகத்தில் அத்தாட்சிப்படுத்திய பிரதிகளுக்கு விண்ணப்பியுங்கள், குறைந்தது நான்கு. ஒன்றைப் பொலிஸ் நிலையத்தில் நேரில் கொடுத்து, திகதி முத்திரையோடு ஒப்பம் வாங்குங்கள். நீதிமன்றத்திலிருந்தும் அது தபாலில் போகக்கூடும். அதை நம்பிக் காத்திருக்க வேண்டாம். பொறுப்பதிகாரி இடமாற்றம் பெற்றால் புதியவரிடம் மீண்டும் ஒரு பிரதி கொடுங்கள். இன்னொன்று எப்போதும் வீட்டில் கைக்கெட்டும் இடத்தில் இருக்கட்டும், இரவில் வரும் பொலிஸ் உத்தியோகத்தர் கேட்கப்போவது அதைத்தான். வயலில் நிற்பவரிடமும் ஒன்று இருக்க வேண்டும். வாவியைக் கடந்து வீட்டுக்கு வந்து எடுத்துப்போக அங்கே நேரம் இராது. அம்பாறை நகரில் போன்று நடவடிக்கைகள் சிங்களத்தில் அமைந்தால், கட்டளையின் தமிழாக்கத்தை முதலியாரிடம் கேட்டு விளங்கிக்கொள்ளுங்கள். மொழிபெயர்ப்பு வசதி பெறுவது அரசியலமைப்பு தரும் உரித்து.

ஒவ்வொரு மீறலையும், அது எவ்வளவு சிறிதாயினும், புதிய முறைப்பாடாகப் பதிந்து, அதன் பிரதியை நகர்த்தல் பத்திரத்தோடு நீதிமன்றத்துக்குக் கொண்டுபோங்கள். கட்டளை உங்களையும் கட்டுப்படுத்தும் என்பதையும் மறக்க வேண்டாம். இருதரப்பும் காணிக்குள் நுழையக்கூடாது என்று கட்டளை இருக்கையில் தேங்காய் பொறுக்க உள்ளே போனவர் மீதும் அதே நடவடிக்கை எடுக்கப்படும்.

சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணமில்லாதவர்களுக்குச் சட்ட உதவி ஆணைக்குழுவின் நிலையங்கள் மட்டக்களப்பிலும் கல்முனையிலும் உள்ளன. தேசிய அடையாள அட்டை, வருமானத்தைக் காட்டும் கிராம உத்தியோகத்தரின் கடிதம், முறைப்பாட்டுப் பிரதிகள், நிலுவையிலுள்ள வழக்கின் ஆவணங்கள் ஆகியவற்றை முதல் நாளே கொண்டுபோனால் இரண்டாவது அலைச்சல் மிச்சம்.

கட்டளை இருந்தும் பொலிஸார் அசையவில்லையென்றால், முதலில் அதே நீதிமன்றத்துக்கே திரும்பிப் போய், பொறுப்பதிகாரியிடம் விளக்கம் கோருமாறு நகர்த்தல் பத்திரம் இடுங்கள். பெரும்பாலான விடயங்கள் இந்த இடத்திலேயே சீராகிவிடுகின்றன. அதற்கும் அப்பால் தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கு முறையிடலாம். சட்டத்தின் சமமான பாதுகாப்பு மறுக்கப்பட்டது என்று அரசியலமைப்பின் 12(1)ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுவும் இடலாம். அதற்கான காலம், மீறல் நடந்து ஒரு மாதம் மட்டுமே. அந்த ஒரு மாதத்துக்குள் மட்டக்களப்பிலோ கல்முனையிலோ உள்ள மனித உரிமைகள் ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகத்தில் முறைப்பாடு செய்திருந்தால், ஆணைக்குழுவின் விசாரணை நிலுவையிலுள்ள காலம் அந்த ஒரு மாதத்தில் சேர்க்கப்படமாட்டாது. அங்கே போகும்போது, பொலிஸ் நிலையத்தில் கட்டளைப் பிரதியைக் கொடுத்ததற்கு வாங்கிய ஒப்பமும் திகதி முத்திரையும் கையில் இருக்கட்டும்.